மிச்ச வான்கோழியும் சில பெண்களின் பெயர்களும்

நியூ ஜெர்சியில் நான் இருந்த மூன்றாவது ஆண்டு. நவம்பர் மாதம், தேங்க்ஸ்கிவிங் பண்டிகைக்கு மறுநாள் பக்கத்து வீட்டு அம்மா கதவைத் தட்டினார். எழுபதைத் தாண்டியவர், தனியாக இருப்பவர். முந்தின நாள் மகன் குடும்பம் வந்து போயிருந்தது. அலுமினியத் தாளில் சுற்றிய வான்கோழி இறைச்சியை என் கையில் கொடுத்தார். கூடவே அஞ்சலட்டை அளவில் பழுப்பேறிய ஓர் அட்டை. 'டர்க்கி டெட்ரஸினி' என்று தலைப்பு. அவருடைய மாமியார் கையால் எழுதிய சமையல் குறிப்பு. பார்த்து எழுதிக்கொண்டு திருப்பிக் கொடுக்கச் சொன்னார்.

அட்டையின் அடியில் 'மிஸஸ்' போட்டு ஒரு முழுப்பெயர் இருந்தது. முழுக்க ஆண் பெயர். மாமனாருடைய பெயர் என்று புரிந்துகொள்ளச் சற்று நேரமாயிற்று. "உங்கள் மாமியார் பெயர் என்ன?" என்று கேட்டேன். அவர் கொஞ்சம் யோசித்துத்தான் சொன்னார்.

அப்போது நான் கணவரின் வேலை விசாவோடு ஒட்டி வந்த விசாவில் இருந்தேன். சம்பளத்துக்கு வேலை பார்க்க எனக்கு அனுமதி கிடையாது. வரலாற்றில் முதுகலை முடித்திருந்தேன். ஊர் நூலகத்தில் உறுப்பினர் அட்டை வாங்கியிருந்தேன். அந்த இரண்டு தகுதிகளோடு அன்று சாயங்காலம் டெட்ரஸினி செய்தேன். பிறகு அதன் வரலாற்றைத் தேடத் தொடங்கினேன்.

செய்முறை எளியது. கால் கிலோ ஸ்பகெட்டியைக் கொஞ்சம் விறைப்பாகவே வேக வைத்து வடிக்க வேண்டும். காளானை நறுக்கி வெண்ணெயில் வதக்கி எடுத்துக்கொள்ள வேண்டும். அதே சட்டியில் நான்கு கரண்டி வெண்ணெய், நான்கு கரண்டி மைதா. பச்சை வாசனை போனதும் வான்கோழி எலும்பை வேக வைத்த சாறு இரண்டு கோப்பை, கிரீம் ஒரு கோப்பை ஊற்றிக் கட்டி தட்டாமல் கிளற வேண்டும். இருந்தால் கொஞ்சம் ஷெர்ரி ஒயின். பிய்த்துப் போட்ட இறைச்சி, காளான், ஸ்பகெட்டி எல்லாவற்றையும் சாஸில் புரட்டி, வெண்ணெய் தடவிய கண்ணாடிப் பாத்திரத்தில் கொட்டி, மேலே பார்மசான் சீஸும் ரொட்டித் தூளும் தூவி, 180 டிகிரி சூட்டில் அரை மணி நேரம் ஓவனில் வைத்தால் ஓரம் பொரிந்து மேலே பொன்னிறமாகிவிடும். காரம் இல்லை, புளிப்பு இல்லை. ஆனால் வெளியே இருட்டி, குளிர் ஏறிக்கொண்டிருந்த அந்த நேரத்தில் அது வயிற்றுக்கு இதமாக இருந்தது. இந்த வகைச் சாப்பாட்டை அமெரிக்கர்கள் ஆறுதல் உணவு என்கிறார்கள். யாருக்கு ஆறுதல் என்ற கேள்வி எனக்கு அப்போது வரவில்லை.

டெட்ரஸினி என்பது ஒரு பெண்ணின் பெயர். லூயிசா டெட்ரஸினி 1871இல் இத்தாலியின் ஃப்ளாரன்ஸ் நகரில் பிறந்த ஆப்பரா பாடகி. தென் அமெரிக்காவிலும் மெக்சிகோவிலும் ரஷ்யாவிலும் பல ஆண்டுகள் பாடிவிட்டு, 1905இல் சான் ஃபிரான்சிஸ்கோ மேடை ஏறினார். 1907இல் லண்டன் கோவென்ட் கார்டனிலும், அடுத்த ஆண்டு நியூயார்க்கிலும் பாடியபின் உலகப் புகழ் பெற்றார். நியூயார்க் முதலாளியோடு ஒப்பந்தத் தகராறு முற்றியபோது, அரங்கில் பாடவிடாமல் தடுத்தால் சான் ஃபிரான்சிஸ்கோ தெருவில் பாடுவேன் என்றார். சொன்னபடியே 1910 டிசம்பர் 24 அன்று இரவு மார்க்கெட் தெருவில், லாட்டா நீரூற்றின் அருகில், திறந்த வெளியில் கட்டணமின்றிப் பாடினார். இரண்டரை லட்சம் பேர் வரை கூடியதாகக் கணக்கிடுகிறார்கள். நிலநடுக்கமும் தீயும் அந்த நகரத்தை அழித்து நாலரை ஆண்டுகளே ஆகியிருந்தன. அந்த நீரூற்றும் ஒரு பெண்ணின் கொடைதான். தங்கச் சுரங்க முகாம்களில் குழந்தையாக ஆடிப் பாடிப் பிழைப்பைத் தொடங்கி, சொந்தச் சம்பாத்தியத்தில் பெரும் செல்வந்தரான நடிகை லாட்டா கிராப்ட்ரீ 1875இல் நகரத்துக்குக் கொடுத்தது.

டெட்ரஸினியின் பெயரை இந்த உணவுக்கு வைத்தது, சான் ஃபிரான்சிஸ்கோ பேலஸ் ஹோட்டலின் தலைமைச் சமையற்காரர் எர்னஸ்ட் ஆர்போகாஸ்ட் என்று ஒரு கதை. நியூயார்க் நிக்கர்பாக்கர் ஹோட்டலில் பிறந்தது என்று இன்னொரு கதை. இரண்டிலும் பாடகி சமைக்கவில்லை. ஆண்கள் சமைத்து அவர் பெயரைச் சூட்டினார்கள். அக்கால ஹோட்டல்களின் வழக்கம் அது. ஆஸ்திரேலியப் பாடகி நெல்லி மெல்பாவின் பெயரை எஸ்கோஃபியே ஒரு பழ இனிப்புக்குச் சூட்டினார். மேடையில் நின்ற பெண்ணின் புகழ் உணவு அட்டையில் விற்பனைக்கு உதவியது. அந்த ஹோட்டல் சமையற்கட்டில் தலைமைப் பொறுப்பும் சம்பளமும் ஆணுக்கு. அதே உணவு வீட்டுக்குள் வந்தபோது ஷெர்ரி குறைந்தது, கிரீமுக்குப் பதில் பால் வந்தது, புதிய இறைச்சிக்குப் பதில் நேற்றைய மிச்சம் வந்தது. சமைத்தவளுக்குச் சம்பளம் இல்லை, பெயரும் இல்லை. டெட்ரஸினி பாடிச் சேர்த்ததை எல்லாம் பெரும்பாலும் இழந்து 1940இல் மிலானில் இறந்தார். இன்று அவர் குரலைக் கேட்டவர்களைவிட அவர் பெயரிலுள்ள உணவைச் சாப்பிட்டவர்கள்தான் அதிகம் இருப்பார்கள்.

இந்த மிச்சம் எங்கிருந்து வருகிறது? ஏழெட்டுக் கிலோ எடையுள்ள ஒரு பறவையை ஒரே வேளைக்குச் சமைப்பதால் வருகிறது. அந்த வேளையை நாடு முழுவதற்கும் பொதுவாக்கப் பாடுபட்டவரும் ஒரு பெண்தான். சாரா ஜோசஃபா ஹேல் 1822இல் கணவரை இழந்து ஐந்து குழந்தைகளோடு நின்றவர். எழுதிப் பிழைத்தார். 1827இல் வெளிவந்த தம் நாவலில் வறுத்த வான்கோழி நடுநாயகமாக இருக்கும் தேங்க்ஸ்கிவிங் விருந்து ஒன்றை விரிவாக எழுதினார். பிறகு 'கோடீஸ் லேடீஸ் புக்' என்ற பெண்கள் இதழுக்கு நாற்பது ஆண்டுகள் ஆசிரியராக இருந்து, அந்த நாளைத் தேசிய விடுமுறையாக்கச் சொல்லித் தலையங்கங்களும் கடிதங்களும் எழுதிக்கொண்டே இருந்தார். 1863 செப்டம்பரில் ஆபிரகாம் லிங்கனுக்கு எழுதினார். அக்டோபர் 3 அன்று அறிவிப்பு வந்தது. அந்த நாளை ஐரோப்பியக் குடியேற்றத்தின் துக்க நாளாக 1970 முதல் பிளிமத்தில் கடைப்பிடித்துவரும் பூர்வகுடிகளின் கதை இந்த விருந்தில் மறைந்துபோயிற்று.

ஹேல் பெண்கல்விக்காக வாதாடியவர்; ஆனால் பெண்களுக்கு வாக்குரிமை கூடாது என்றவர். சொந்தச் சம்பாத்தியத்தில் குடும்பத்தைத் தாங்கிய ஒருவர், பெண்ணின் செல்வாக்கு வீட்டுக்குள்ளிருந்தே வர வேண்டும் என்று கருதினார். அந்தச் செல்வாக்கின் ஆண்டுவிழாவாக இந்த விருந்தைப் பார்க்கலாம். வீட்டார் எல்லாருக்கும் விடுமுறை. வீட்டுப் பெண்ணுக்கு இரண்டு நாள் வேலை. மூன்றாவது நாள் மிச்சத்தைத் தீர்க்கும் வேலை.

மிச்சத்தைத் தீர்ப்பதை ஒரு கலையாகவே எழுதியவர் லிடியா மரியா சைல்ட். 1829இல் வந்த அவருடைய சிக்கனக் குடித்தனப் புத்தகம் பல பதிப்புகள் கண்டது. துண்டு துணுக்கு எதுவும், அது பொருளானாலும் நேரமானாலும், வீணாகக் கூடாது என்பதுதான் அதன் அடிப்படை. அவருடைய கணவர் கடனில் மூழ்கிக்கொண்டே இருந்தவர். புத்தகம் விற்ற காசில்தான் வீடு ஓடியது. 1833இல் அடிமை முறையை எதிர்த்துச் சைல்ட் ஒரு நூல் வெளியிட்டார். வாசகர்கள் பலர் அவரைக் கைவிட்டார்கள், வருமானம் விழுந்தது. மிச்சத்தைப் பற்றி எழுதியவரை ஏற்றுக்கொண்ட சமூகம், நீதியைப் பற்றி அவர் எழுதியதும் முகத்தைத் திருப்பிக்கொண்டது.

முதல் உலகப் போரில் மிச்சம் தேசபக்தி ஆயிற்று. 1917இல் ஹெர்பர்ட் ஹூவர் தலைமையில் உணவு நிர்வாகம் ஒன்றை அமெரிக்க அரசு அமைத்தது. வீடு வீடாகப் போய்ப் பெண்களிடம் உறுதிமொழி அட்டையில் கையெழுத்து வாங்கினார்கள். இறைச்சி இல்லாத நாள், கோதுமை இல்லாத நாள் என்று வாரத்தைப் பிரித்தார்கள். தட்டில் மிச்சம் வைக்காதே, மிச்சமானதை மறுபடி சமை என்று சுவரொட்டிகள் சொன்னன. நாட்டின் பெரும்பகுதியில் வாக்குரிமை இல்லாத பெண்களிடம்தான் இந்தப் போர்க்கடமை கேட்கப்பட்டது. தேசிய அளவில் வாக்குரிமை 1920இல்தான் வந்தது.

அந்த ஆண்டுகளில்தான் கேசரோல் செய்யத் தோதான பாத்திரமும் வந்தது. கார்னிங் கண்ணாடித் தொழிற்சாலையின் விஞ்ஞானி ஜெஸ்ஸி லிட்டில்டனின் மனைவி பெஸ்ஸி. 1913இல் அவர் வைத்திருந்த பீங்கான் கேசரோல் பாத்திரம் விரிசல் விட்டது. சூடு தாங்கும் கண்ணாடி என்று தொழிற்சாலையில் சொல்கிறீர்களே, அதில் ஒன்று கொண்டு வாருங்கள் என்றார். கணவர் பேட்டரி ஜாடியின் அடிப்பகுதியை அறுத்துக் கொண்டுவந்தார். பெஸ்ஸி அதில் கேக் சுட்டுப் பார்த்தார், நன்றாக வந்தது. பிறகு வேறு உணவுகளையும் சமைத்துச் சோதித்தார். 1915இல் 'பைரக்ஸ்' கடைக்கு வந்தது. சமைத்த பாத்திரத்திலேயே பரிமாறலாம், மிச்சத்தை அதிலேயே மூடி வைக்கலாம், மறுநாள் அதிலேயே சுட வைக்கலாம். கழுவ வேண்டிய பாத்திரங்களின் எண்ணிக்கை குறைந்தது. அந்தக் குறைவின் மதிப்பு கழுவியவர்களுக்குத்தான் தெரிந்திருக்கும்.

அடுத்து டின் சூப். நான் இருந்த அதே நியூ ஜெர்சியின் கேம்டன் நகரத்தில்தான் கேம்பெல் நிறுவனம் வளர்ந்தது. 1934இல் அவர்களுடைய காளான் கிரீம் சூப் வந்ததும், மைதாவை வெண்ணெயில் வறுத்துக் கட்டி தட்டாமல் கிளறும் வேலைக்கு மாற்று கிடைத்தது. டின்னைத் திறந்து கவிழ்த்தால் சாஸ் தயார். அந்த நிறுவனத்தின் சோதனைச் சமையற்கட்டில் பணியாற்றியவர் டார்கஸ் ரெய்லி. மனையியல் படித்துவிட்டு 1949இல் சேர்ந்தார். எல்லா வீட்டிலும் இருக்கக்கூடிய பொருள்களை மட்டும் வைத்து ஓர் உணவு வேண்டும் என்று கேட்கப்பட்டபோது, 1955இல் அவரும் உடன் பணியாற்றியவர்களும் பச்சை பீன்ஸையும் காளான் சூப்பையும் பொரித்த வெங்காயத்தையும் சேர்த்துக் கேசரோல் ஒன்றை உருவாக்கினார்கள். இன்றும் பல தேங்க்ஸ்கிவிங் மேசைகளில் அது இருக்கிறது. டின்னின் மேல் இருந்தது நிறுவனத்தின் பெயர். ரெய்லியின் பெயர் வெளியே பரவலாகத் தெரிய வந்தது மிகப் பிந்தித்தான். 2002இல் அவருடைய குறிப்பு அட்டை தேசியக் கண்டுபிடிப்பாளர் அரங்கத்துக்குப் போயிற்று. 2018இல் 92 வயதில் இறந்தார்.

மனையியல் என்ற துறையே ஒரு சமரசத்தில் பிறந்தது. எம்.ஐ.டி.யில் சேர்ந்த முதல் பெண் எலன் ஸ்வாலோ ரிச்சர்ட்ஸ். 1873இல் அங்கே வேதியியலில் பட்டம் பெற்றார். தண்ணீரையும் உணவையும் ஆய்வுகூடத்தில் சோதித்தவர். ஆண்களின் வேதியியலில் பெண்களுக்கு இடம் குறுகலாக இருந்த காலத்தில், வீட்டு அறிவியல் என்ற கதவை அவரும் மற்றவர்களும் திறந்தார்கள். வேலையும் சம்பளமும் கிடைத்தன. ஆனால் அந்தக் கதவு மறுபடி அடுப்படிக்கே திறந்தது. ரெய்லி போன்றவர்கள் அதன் வழியாகத்தான் வந்தார்கள்.

டின் வந்தது, குளிர்பெட்டி வந்தது, கண்ணாடிப் பாத்திரம் வந்தது. வேலை குறைந்ததா? சமூகவியலாளர் ஜோன் வானெக் 1974இல் வெளியிட்ட கணக்கின்படி, வெளிவேலைக்குப் போகாத அமெரிக்கப் பெண்கள் 1924இல் வாரம் சுமார் 52 மணி நேரம் வீட்டுவேலை செய்தார்கள். 1960களில் 55 மணி நேரம். ரூத் ஷ்வார்ட்ஸ் கோவன் 1983இல் எழுதிய நூலில் இதற்குக் காரணம் சொல்கிறார். விறகு வெட்டுவது, மாவு அரைத்து வருவது என்று ஆண்களும் பிள்ளைகளும் செய்துவந்த வேலைகளை இயந்திரங்கள் எடுத்துக்கொண்டன. பெண்ணின் வேலைகள் அவளிடமே இருந்தன. அதோடு எதிர்பார்ப்பும் கூடியது. ஒரு வகைச் சாப்பாடு போதாமல் பல வகை வேண்டியிருந்தது. மிச்சம்கூட மிச்சம் மாதிரித் தெரியக் கூடாது.

இதைச் சிரிப்பாகச் சொன்னவர் பெக் பிராக்கன். சமையலை வெறுக்கும் பெண்களுக்காக அவர் எழுதிய சமையல் புத்தகம் 1960இல் வந்தது. ஆண் பதிப்பாசிரியர்கள் ஆறு பேர் அதைத் திருப்பி அனுப்பினார்கள். பெண்கள் சமையலைப் புனிதமாக நினைக்கிறார்கள் என்பது அவர்கள் எண்ணம். ஒரு பெண் பதிப்பாசிரியர் ஏற்றுக்கொண்டார். முப்பது லட்சத்துக்கு மேல் விற்றது. டின் சூப்பும் நூடுல்ஸும் நிறைந்த அந்தப் புத்தகம் வந்து மூன்று ஆண்டுகளில் பெட்டி ஃபிரீடனின் 'பெண்மைப் புதிர்' வந்தது. ஃபிரீடன் பெயரில்லாத பிரச்சினை என்று சொன்னதைப் பிராக்கனின் வாசகிகள் ஏற்கெனவே அடுப்படியில் நின்று சிரித்துக்கொண்டிருந்தார்கள் என்று எனக்குத் தோன்றும்.

இதுவரை சொன்ன பெண்களில் பெரும்பாலோர் வெள்ளையர்கள், அதிலும் தம் வீட்டு மிச்சத்தைத் தாமே வைத்துக்கொள்ள முடிந்தவர்கள். வரலாற்றாய்வாளர் டெரா ஹண்டர் 1997இல் எழுதிய அட்லாண்டா கறுப்பினப் பெண்களின் வரலாற்றைப் படித்தபோது, மிச்சத்துக்கு இன்னொரு வாசல் இருந்தது தெரிந்தது. அடிமை முறை 1865இல் ஒழிந்த பிறகும் தெற்கத்திய வெள்ளையர் வீடுகளில் சமைத்தவர்கள் கறுப்பினப் பெண்கள். பொழுது சாய்ந்து வீடு திரும்பும்போது ஒரு பாத்திரத்தில் மிச்ச உணவை எடுத்துப்போவது அவர்கள் வழக்கம். அது தங்கள் கூலியின் ஒரு பகுதி என்று அவர்கள் கருதினார்கள். தங்கள் பிள்ளைகளின் இரவுச் சாப்பாடு அதுதான். எசமானிகள் இரண்டு விதமாகப் பேசினார்கள். பணமாகக் கொடுக்கும் கூலி ஏன் இவ்வளவு குறைவு என்று கேட்டால், சாப்பாடும் கொடுக்கிறோமே என்றார்கள். கோபம் வந்தால் அதையே திருட்டு என்றார்கள்.

1935இன் சமூகப் பாதுகாப்புச் சட்டத்திலும் 1938இன் குறைந்தபட்சக் கூலிச் சட்டத்திலும் வீட்டுவேலைக்காரர்களைச் சேர்க்கவில்லை. கூலிச் சட்டம் அவர்களை எட்டியது 1974இல். அதுவரை பல வீடுகளில் மிச்சச் சாப்பாடு கூலியின் இடத்தை நிரப்பிக்கொண்டிருந்தது. தேங்க்ஸ்கிவிங் வான்கோழியை வறுத்துப் பரிமாறிவிட்டு, எலும்போடு ஒட்டியதை எடுத்துப்போன பெண்களின் பெயர் எந்தக் குறிப்பு அட்டையிலும் இல்லை. 'மிஸஸ்' என்ற மரியாதையைக்கூட அவர்களுக்குக் கொடுக்கவில்லை. வயதானவர்களையும் முதல் பெயர் சொல்லித்தான் கூப்பிட்டார்கள்.

இதைப் படித்த அன்று எனக்கு மதுரையில் எங்கள் வீட்டின் பின்வாசல் நினைவுக்கு வந்தது. பாத்திரம் தேய்க்க வந்த அக்காவுக்கு முந்தின நாள் சோறும் குழம்பும் கொடுப்போம். அதற்கென்று ஒரு தனிக் கிண்ணம் உண்டு. அது எங்கள் அலமாரிக்குள் வராது. சம்பளம் கூட்டிக் கேட்டபோது அம்மா சொன்னது என் காதில் அப்படியே இருக்கிறது: "சாப்பாடும் போடுறோம்ல." அம்மா கெட்டவள் இல்லை. தானும் கடைசியில் சாப்பிட்டு, சட்டியில் ஒட்டியிருந்ததைச் சுரண்டிப் போட்டுக்கொண்டவள்தான். ஆனால் தன் பசியை அடக்கியதையும் இன்னொருத்தியின் கூலியை அடக்கியதையும் அவள் ஒரே சிக்கனமாகத்தான் நினைத்தாள். நானும் அப்படியேதான் வளர்ந்தேன்.

மிச்சத்தை வீணாக்காமல் சமைப்பது நல்ல காரியம். அந்த அறிவைக் கேலி செய்ய நான் இதை எழுதவில்லை. தேவாலயத்துப் பெண்கள் குறிப்புகளைத் தொகுத்துப் புத்தகமாக விற்று மருத்துவமனைக்கும் பள்ளிக்கும் பணம் சேர்த்தார்கள். பாஸ்டனில் 1886இல் ஹாட்டி பர் தொகுத்த சமையல் புத்தகம் வாக்குரிமை இயக்கத்துக்கு நிதி திரட்டியது. பிள்ளை பெற்ற வீட்டுக்கும் துக்க வீட்டுக்கும் மூடிய கேசரோல் பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு போவது இன்றும் அங்கே பெண்கள் ஒருவரையொருவர் தாங்கும் முறை. அந்த ஆறுதலை நானே அனுபவித்திருக்கிறேன். ஆறுதலுக்குப் பின்னால் யாருடைய நேரம் போயிற்று, யாருடைய கூலி குறைந்தது என்று கேட்காமல் விட்டதுதான் தவறு.

அட்டையைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது, என் படியெடுப்பைப் பக்கத்து வீட்டு அம்மாவிடம் காட்டினேன். அடியில் அவருடைய மாமியாரின் சொந்தப் பெயரை எழுதியிருந்தேன். அவர் வாங்கிப் பார்த்தார். பேனாவைக் கேட்டார். பழைய அட்டையில் 'மிஸஸ்' இருந்த வரிக்குக் கீழே அந்தப் பெயரை எழுதினார். பிறகு அதற்கும் கீழே தம் பெயரை எழுதிக்கொண்டார்.

அன்று இரவு மதுரைக்குப் போன் செய்து அம்மாவிடம், பாத்திரம் தேய்க்க வந்த அக்காவின் பெயர் என்ன என்று கேட்டேன். பதினோரு வருடம் எங்கள் வீட்டுக்கு வந்தவர். அம்மா வெகுநேரம் யோசித்தாள். அவளுக்கு ஞாபகம் வரவில்லை. எனக்கு அது தெரிந்ததே இல்லை.